மொழிபெயர்ப்பாளனுக்கு உரிய இடம்: வலெரி லார்போவும் அவர் நண்பர் குழுவும்

மொழிபெயர்ப்பு இரண்டாந்தரமான இலக்கியத் தொழில் என்ற அபிப்பிராயம் வெகுகாலமாக நிலைத்து வந்திருக்கிறது. சொந்தமாக எழுத வல்லவன் எழுதுவான். அவ்வன்மை இல்லாதவனே பிறர் எழுதியதைப் பெயர்த்துக்கொண்டிருப்பான் என்று சொல்வோர் உளர். மொழிபெயர்ப்பு நூலொன்றைப் பற்றி நான்கு பத்தி எழுதும் விமர்சகர் மூல ஆசிரியரின் நடையழகை வாயாரப் புகழ்வார். தாம் படித்த நடை உண்மையில் யாருடையது என்ற கேள்வி அவர் மனத்தில் எழுவதில்லை.

இவ்வபிப்பிராயத்தைச் சோதித்துப் பார்ப்பதற்கு ஏற்ற வாழ்க்கை ஒன்று உண்டு. பிரெஞ்சு எழுத்தாளர் வலெரி லார்போவின் வாழ்க்கையே அது. அவர் கவிஞர், நாவலாசிரியர். அதற்கு மேலாகப் பெருஞ்செல்வர். பிழைப்பை நாடி மொழிபெயர்க்க வேண்டிய தேவை அவருக்கு ஒருநாளும் இருந்ததில்லை. இருந்தும் தம் வாழ்நாளின் சிறந்த ஆண்டுகள் பலவற்றைப் பிறர் நூல்களுக்கே அவர் ஈந்தார். அவரையும் அவரைச் சூழ்ந்திருந்த நண்பர் குழுவையும் பற்றி அறிவது மொழிபெயர்ப்பாளனின் தகுதியை உணர்வதற்குத் துணைசெய்யும். ஆயின் அவரை முன்மாதிரியாகக் கொண்டாடுவதில் ஓர் அபாயமும் உண்டு. அதனையும் எடுத்துரைப்பதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

ஊற்றுநீர் தந்த செல்வம்

லார்போ 1881ஆம் ஆண்டில், மத்திய பிரான்சிலுள்ள விஷி நகரிற் பிறந்தார். நோய் தீர்க்கும் ஊற்றுநீருக்குப் பேர்போன நகரம் அது. அவருடைய தந்தையார் மருந்து வணிகர். விஷிக்கு அண்மையிலுள்ள சென் யோர் என்னும் இடத்து ஊற்றுக்கு உடைமையாளர். அந்நீரைப் போத்தல்களில் அடைத்து விற்றதனால் குடும்பத்திற்குப் பெருஞ்செல்வம் சேர்ந்தது. மகனுக்கு எட்டு வயது நிரம்புமளவில் தந்தையார் இறந்துபோகவே, செல்வம் முழுவதும் தாயாரின் கட்டுப்பாட்டில் இருந்தது. வளர்ந்து ஆளான பின்னரும் மகன் அவருடைய கைபார்த்தே வாழவேண்டியிருந்தது.

பரிஸ் நகருக்கு அண்மையில் அவர் பயின்ற கல்லூரியில் தென் அமெரிக்காவிலிருந்தும் பிற நாடுகளிலிருந்தும் வந்த மாணவர் பலர் இருந்தனர். அந்நிய மொழிகள் அந்நியமல்ல என்ற உணர்வு அங்கேயே அவருள்ளத்தில் வேரூன்றியது எனலாம். 1911இல் வெளிவந்த ‘பெர்மினா மார்க்கெஸ்’ என்னும் சிறு நாவல் அக்கல்லூரி வாழ்வின் நினைவுகளிலிருந்து பிறந்ததாகும். அதற்கு முன்னரே, 1908இல், பார்னபூத் என்னும் கற்பனைக் கோடீசுவரன் ஒருவன் எழுதியவையாகச் சில கவிதைகளைத் தம் பெயர் குறிப்பிடாமலே அவர் வெளியிட்டிருந்தார். சொந்தக் கவிதையையும் பிறன் பெயரில் வெளியிட்டு, அதிலே மகிழ்ச்சி காணும் இயல்பு அவருக்கு இளமையிலேயே இருந்தது.

மொழிபெயர்ப்பு அதனினும் முந்தியது. ஆங்கிலக் கவிஞர் கோல்ரிட்ஜின் முதிய மாலுமி பற்றிய நெடும்பாடலை அவர் பிரெஞ்சில் பெயர்த்து அச்சிட்டது 1901ஆம் ஆண்டில். அப்போது அவருக்கு வயது இருபதளவே. பத்தாண்டுகளின் பின், 1911இல், அதனையே மீண்டும் மொழிபெயர்த்து வெளியிட்டார். தாம் செய்ததிலே திருப்தி கொள்ளாது மறுபடியும் தொடக்கத்திலிருந்து ஆரம்பிப்பவனே உண்மையான தொழிலாளி.

பட்லருக்குக் கொடுத்த ஆண்டுகள்

முதலாம் உலகப் போர் மூண்டபோது உடல்நலம் குன்றியிருந்த லார்போ படைக்குச் செல்லவில்லை. விஷி நகரின் மருத்துவமனையிற் சிலகாலம் தொண்டராகப் பணியாற்றியபின், 1916இல் ஸ்பானிய நாட்டுக் கடற்கரைப் பட்டினமான அலிக்காந்தேக்குச் சென்று 1920 வரை அங்கே தங்கினார். ஸ்பானிய இலக்கியத்தில் அவர் ஆழ்ந்து தோய்ந்ததும் அங்கேதான். ஆனால் அவ்வாண்டுகளில் அவருடைய மேசைமீது எந்நேரமும் இருந்தவை சாமுவேல் பட்லர் என்ற ஆங்கில எழுத்தாளரின் நூல்கள். பட்லர் 1902இல் இறந்தவர். பிரான்சில் அவரை அறிந்தோர் மிகச் சிலரே. அவருடைய ‘எரெவன்’ 1920இலும், ஒரு குடும்பத்தின் தலைமுறைகளைக் கூறும் பெருநாவல் 1921இலும், ‘வாழ்வும் பழக்கமும்’ என்ற நூல் 1922இலும் லார்போவின் பிரெஞ்சில் வெளிவந்தன. இவை தவிர வேறு பட்லர் நூல்களையும் அவர் பின்னர்ப் பெயர்த்தார்.

இங்கேதான் லார்போமீது ஒரு குற்றச்சாட்டு எழுந்தது. நாற்பது வயதை எட்டிக்கொண்டிருந்த ஒரு சிருஷ்டிகர்த்தா, தன் சொந்த நாவல்களை எழுதவேண்டிய பருவத்தை, தன்னினும் சிறந்தவர் என்று உறுதியாகச் சொல்ல முடியாத ஒருவருக்குத் தாரைவார்த்துவிட்டார் என்று அங்கலாய்த்தவர்கள் உளர். பட்லரின் புகழ் பின்னாளில் மங்கிப்போனமை இக்குற்றச்சாட்டுக்கு மேலும் வலுவூட்டியது.

இவ்வாதம் சரியன்று என்பதே எம் கருத்து. லார்போவின் சிருஷ்டியும் மொழிபெயர்ப்பும் ஒன்றையொன்று தின்று வளர்ந்தவை அல்ல. வால்ட் விட்மனை ஆழ்ந்து படித்ததிலிருந்தே பார்னபூத்தின் கட்டற்ற கவிதை பிறந்தது. அந்த விட்மனின் தேர்ந்தெடுத்த படைப்புகள் 1918இல் பிரெஞ்சில் வெளிவந்தபோது, ஆந்திரே ஜீத் முதலியோருடன் மொழிபெயர்ப்பிற் பங்குகொண்டு, ஆராய்ச்சி முன்னுரையும் எழுதியவர் லார்போ. ஜேம்ஸ் ஜொய்ஸின் நூலிலே கண்ட மனவோட்ட உத்தியைத் தமது நெடுங்கதைகளிற் கையாண்டு, ‘காதலர், இன்பமுற்ற காதலர்’ என்ற கதையை ஜொய்ஸுக்கே அவர் காணிக்கையாக்கினார். மொழிபெயர்ப்பினால் அவர் எழுதாமற்போன நூல்கள் சில இருக்கலாம். ஆனால் மொழிபெயர்ப்பு இல்லாதிருந்தால் அவர் எழுதிய நூல்களும் இவ்வாறு அமைந்திரா.

ஓதெயோன் தெரு

லார்போவின் பெயர் இன்று உலகெங்கும் நினைக்கப்படுவது பெரும்பாலும் ஜொய்ஸின் ‘யூலிசிஸ்’ காரணமாகவே. அந்தக் கதை நிகழ்ந்த களம் பரிஸ் நகரின் ஓதெயோன் தெரு. அத்தெருவின் 7ஆம் இலக்கத்தில் அட்ரியன் மொனியே என்ற பெண்மணி 1915இல் புத்தகசாலை ஒன்றைத் திறந்தார். ‘நூல் நண்பர் இல்லம்’ என்பது அதன் பெயர். விற்பனையுடன் நூல்களை இரவல் கொடுப்பதும், எழுத்தாளர்களை அழைத்து வாசிக்கச் செய்வதும் அங்கே நடைபெற்றன. எதிர்ப்புறத்தில், 12ஆம் இலக்கத்தில், அமெரிக்கப் பெண்மணியான சில்வியா பீச்சின் ‘ஷேக்ஸ்பியர் அன்ட் கம்பனி’ என்னும் ஆங்கிலப் புத்தகசாலை 1921இல் வந்து அமைந்தது. லார்போ இவ்விரு கடைகளுக்கும் உற்ற நண்பர். கவிஞர் லெயோன் போல் பார்க், போல் வலெரி, ஜீத் முதலியோர் அங்கே அடிக்கடி கூடினர்.

1921ஆம் ஆண்டின் தொடக்கத்தில் லார்போ நோயுற்றுப் படுத்திருந்தபோது, அமெரிக்கச் சஞ்சிகையொன்றில் வெளியாகியிருந்த ‘யூலிசிஸ்’ பகுதிகளைச் சில்வியா பீச் அவருக்கு அனுப்பிவைத்தார். படித்தவர் பித்துப்பிடித்தவர்போலானார். பட்டம் பெற்ற பேராசிரியரோ பத்திரிகை அதிபரோ அல்லர். ஆயினும் அவர் உடனே செயலில் இறங்கினார். அக்கோடையில் தமது வீட்டையே ஜொய்ஸ் குடும்பத்தினர் தங்குவதற்கு விட்டுக்கொடுத்தார். 1921 டிசெம்பர் 7ஆம் திகதி இரவு, மொனியேயின் கடையில், ஏறத்தாழ இருநூற்றைம்பது பேர் நெருக்கியடித்து நிற்க, ஜொய்ஸைப் பற்றி அவர் சொற்பொழிவாற்றினார். நூலின் சில பகுதிகள் பிரெஞ்சிலும் ஆங்கிலத்திலும் வாசிக்கப்பட்டன. நினைவிற் கொள்ள வேண்டியது யாதெனின், அவ்விரவில் ‘யூலிசிஸ்’ இன்னும் நூலாக அச்சேறவில்லை! சில்வியா பீச் அதனை வெளியிட்டது 1922 பெப்ரவரி 2ஆம் திகதியிலே. நூல் பிறக்குமுன்னரே அதற்குரிய வாசகரை ஒரு மொழிபெயர்ப்பாளர் ஆயத்தப்படுத்தினார். அச்சொற்பொழிவு 1922 ஏப்ரலில் பிரெஞ்சுச் சஞ்சிகையிலும், அவ்வாண்டு ஒக்டோபரில், எலியட் தொடங்கிய ‘கிரைற்றீரியன்’ முதல் இதழில் ஆங்கிலத்தில் ஒரு பகுதியாகவும் வெளிவந்தது.

லார்போ செய்த உதவி ஜொய்ஸோடு நின்றுவிடவில்லை. மனவோட்ட உத்தியைத் தாம் கற்றது எதுவார் துஜார்தன் என்பவரின் பழைய நாவலிலிருந்து என்று ஜொய்ஸ் கூறக் கேட்ட லார்போ, நாற்பதாண்டளவாக மறக்கப்பட்டுக் கிடந்த அந்நாவல் 1925இல் மறுபதிப்பாக வர முன்னுரை எழுதினார். இத்தாலிய மொழியில் எழுதிய இதாலோ ஸ்வேவோ என்னும் திரியெஸ்தே நகர வணிகரின் நாவல் 1923இல் வெளிவந்து சொந்த நாட்டில் ஏறிட்டுப் பார்ப்பாரின்றிக் கிடந்தது. லார்போவும் பெஞ்சமின் கிரெமியூவும் முயன்றதன் பயனாக, மொனியே நடத்திய ‘வெள்ளிக் கப்பல்’ என்னும் சஞ்சிகையின் 1926 பெப்ரவரி இதழ் ஸ்வேவோவுக்கு இடம் வகுத்தது. அறுபது வயதைக் கடந்த அவ்வெழுத்தாளர் புகழைக் கண்டார். அதன்பின் இரண்டு ஆண்டுகளும் சில மாதங்களுமே அவர் உயிரோடிருந்தார். 1934இல் போக்னரின் நாவலொன்று கொய்ந்திரோவின் மொழிபெயர்ப்பில் வந்தபோதும் முன்னுரை லார்போவுடையதே. ஒரு மொழியில் மட்டுமே வாழும் விமர்சகனாற் காண முடியாததைப் பல மொழிகளின் வாயிலில் நிற்பவன் காண்கிறான் என்பதற்கு இவற்றினும் சான்று வேண்டுமா?

முகப்புப் பக்கத்தில் யார் பெயர்?

இதுவரை கூறியது புகழ்ச்சி. இனி அபாயத்தைக் கூறுவோம்.

‘யூலிசிஸ்’ முழுவதையும் பிரெஞ்சில் பெயர்க்கும் பெரும்பாரத்தைத் தம்மால் ஏற்க இயலாதென லார்போ கண்டார். ஆகவே ஒகுஸ்த் மொரெல் என்னும் இளம் கவிஞரிடம் அவ்வேலை 1924இல் ஒப்படைக்கப்பட்டது. ஏறத்தாழ ஐந்து ஆண்டுகள் அவர் அதிலே உழைத்தார். எத்தனையோ நடைகளில், எத்தனையோ சிலேடைகளோடு எழுதப்பட்ட அந்நூலின் ஒவ்வொரு வாக்கியத்திற்கும் முதன்முதலாகப் பிரெஞ்சு வடிவம் கண்டவர் மொரெல். இதற்கிடையே பர்மாவில் நீதிபதியாக இருந்து ஓய்வுபெற்றுப் பரிஸில் வந்து குடியேறிய ஸ்ருவார்ட் கில்பர்ட் என்ற ஆங்கிலேயர், அச்சில் வந்திருந்த பகுதியொன்றிலே பிழைகளைக் கண்டு ஜொய்ஸுக்கு அறிவித்தார். அவரும் குழுவிற் சேர்க்கப்பட்டார். மொரெல் எழுத, கில்பர்ட் மூலத்தோடு ஒப்பிட்டுத் திருத்த, லார்போ இறுதித் தீர்ப்புக் கூற, ஜொய்ஸ் ஐயங்களுக்கு விடையளிக்க வேலை நடந்தது. நான்கு பேர் ஒரு நூலைத் தொட்டால் மனக்கசப்பு எழாதிருக்குமா? எழுந்தது. மொரெலின் துணிவான சொல்லாட்சி கில்பர்ட்டுக்கு மிகையாகப் பட்டது. லார்போவின் திருத்தங்கள் மொரெலுக்குத் தம் உழைப்பைப் பறிப்பனவாகப் பட்டன.

1929 பெப்ரவரியில் நூல் மொனியேயின் வெளியீடாக வந்தது. முகப்புப் பக்கத்திலே மொழிபெயர்த்தவர் மொரெல் என்றும், துணைபுரிந்தவர் கில்பர்ட் என்றும், முழுவதையும் பார்வையிட்டுத் திருத்தியவர் லார்போ என்றும், ஆசிரியரும் ஒத்துழைத்தார் என்றும் படிமுறைப்படி அச்சிடப்பட்டிருந்தது. வெளித்தோற்றத்திற்கு இது நியாயமான பங்கீடே. ஆனால் உலகம் நினைவில் வைத்துக்கொண்ட பெயர் எது? ‘லார்போவின் யூலிசிஸ்’ என்றே பலர் சொல்லலாயினர். புகழ்பெற்றவரின் பெயர் நின்றது. கூலிக்கு உழைத்தவரின் பெயர் அறிஞர்களின் அடிக்குறிப்பில் ஒதுங்கியது.

இது லார்போவின் குற்றமன்று. அவர் பெயர்ப்புகழ் தேடியவர் அல்லர். ஆயினும் அவருடைய பெருந்தன்மையே ஒரு தவறான பாடத்தை உலகுக்குக் கற்பித்துவிட்டது என்பதை மறுக்க முடியாது. மொழிபெயர்ப்பு அன்பினாற் செய்யப்படும் தொண்டு. அதற்கு ஊதியம் கேட்பது இழிவு என்பதே அப்பாடம். ஊற்றுநீர் விற்ற பணம் இருந்தவருக்கு அது எளிது. வீட்டு வாடகைக்கும் இரவுச் சாப்பாட்டுக்கும் எழுதித் தீரவேண்டிய மொரெல் போன்றவருக்கு அது எளிதன்று.

அக்குழுவின் வரவுசெலவுக் கணக்கைப் பார்ப்போருக்கு இவ்வுண்மை இன்னும் விளங்கும். மொனியேயின் ‘வெள்ளிக் கப்பல்’ 1925 ஜூனிலிருந்து 1926 மே வரை பன்னிரண்டு இதழ்களோடு நின்றது. பட்ட கடனைத் தீர்ப்பதற்காக அவர் தமது சொந்த நூல்களை ஏலத்தில் விற்றார். லார்போ, பார்க், வலெரி மூவரும் ஆசிரியராயிருந்த ‘கொமர்ஸ்’ சஞ்சிகை 1924 முதல் 1932 வரை வந்தது. அதற்குப் பணம் கொடுத்தவர் ஒரு செல்வச் சீமாட்டி. ஒரு காலத்தின் உலக இலக்கியப் பரிவர்த்தனை இருவர் மூவரின் பணப்பையிலும் தியாகத்திலும் தங்கியிருந்தது. அப்பணப்பை மூடியதும் சஞ்சிகையும் மூடியது.

லார்போ மொழிபெயர்ப்பாளரின் காவலராகக் கொண்டாடியவர் விவிலியத்தை இலத்தீனில் ஆக்கிய புனித ஜெரோம் ஆவார். அப்புனிதரின் பெயரைத் தலைப்பிற் கொண்ட அவருடைய கட்டுரை நூல் 1946இல் வெளிவந்தது. மொழிபெயர்ப்பாளன் கையில் ஒரு தராசு இருக்கிறது. ஒரு தட்டிலே ஆசிரியனின் சொல்லையும் மறு தட்டிலே தன் சொல்லையும் இட்டு, இரண்டும் சமனாகும் வரை அவன் நிறுத்துக்கொண்டே இருக்கிறான் என்பது அந்நூலில் அவர் விரித்துரைக்கும் கருத்து. அகராதியிற் கிடக்கும் சொல்லையன்று, அவ்வாசிரியன் தன் உயிர்ப்பை ஊட்டிய சொல்லையே நிறுக்க வேண்டும் என்பது அவர் கொள்கை. மிக உயர்ந்த கருத்து இது. ஆனால் ஜெரோம் பெத்லகேமில் அமர்ந்து சொற்களை நிறுப்பதற்கு வேண்டிய பொருளை அளித்தவர் பவுலா என்னும் உரோமைச் செல்வப் பெண்மணி என்பதையும் சேர்த்து நினைக்கவேண்டும். தராசு பிடிப்பவனுக்கும் பசிக்கும்.

சொல் இழந்த இருபத்திரண்டு ஆண்டுகள்

1935 ஓகஸ்டில் லார்போவைப் பக்கவாதம் தாக்கியது. வலப்புறம் செயலிழந்தது; அதனினும் கொடிதாக, பேசும் ஆற்றலும் எழுதும் ஆற்றலும் போயின. ஆங்கிலமும் ஸ்பானியமும் இத்தாலியமும் தாய்மொழிபோல் அறிந்திருந்த அவருக்கு எஞ்சியவை சில சொற்களே. இவ்வுலகத்துப் பொருள்களுக்கு மாலை வணக்கம் கூறும் வாக்கியமொன்றையே அவர் திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டிருந்தார் என்பர். கேட்பதையும் படிப்பதையும் உணர முடிந்தது. மறுமொழி கூற முடியவில்லை. 1922 முதல் அவரோடு வாழ்ந்த இத்தாலியப் பெண்மணி மரியா நெபியா அருகிருந்து பேணினார்.

பணமும் கரைந்தது. 1948இல், மொழிக்கொரு நிறமாகக் கட்டுவித்து அவர் அருமையாகச் சேர்த்து வைத்திருந்த நூல்களை, ஏறத்தாழ பதினையாயிரத்தை, ஆயுட்கால உதவிப்பணத்திற்கு ஈடாக விஷி நகரசபைக்கு விற்க நேர்ந்தது. அவை அந்நகரின் நூலகத்தில் இன்றும் பேணப்படுகின்றன. செல்வத்தைத் துணைக்கொண்டு தொண்டு செய்தவரின் முதுமையே, தனியொருவரின் செல்வம் எத்துணை நிலையற்ற துணை என்பதற்குச் சான்றாயிற்று. 1952இல் அரசின் தேசிய இலக்கியப் பரிசு அவருக்கு வழங்கப்பட்டது. 1957 பெப்ரவரி 2ஆம் திகதி, ‘யூலிசிஸ்’ வெளிவந்து சரியாக முப்பத்தைந்து ஆண்டுகள் நிறைந்த நாளில், அவர் உயிர்நீத்தார்.

அதற்கு முப்பத்தேழு நாட்களின் பின், 1957 மார்ச் 11ஆம் திகதி, பிரான்சில் இலக்கிய உடைமைபற்றிய புதிய சட்டம் நிறைவேறியது. மொழிபெயர்ப்பாளரும் மூல ஆசிரியரின் உரிமைக்குக் குந்தகமின்றித் தம் ஆக்கத்திற்கு ஆசிரியரே என்பதை அச்சட்டம் ஐயத்துக்கிடமின்றி எழுதிவைத்தது. 1973இல் பிரெஞ்சு இலக்கிய மொழிபெயர்ப்பாளர் தமக்கெனச் சங்கமொன்றை நிறுவி, கூலியையும் ஒப்பந்தத்தையும் பற்றிப் பதிப்பாளரோடு நேருக்குநேர் பேசலாயினர். லார்போவின் புகழுரைகள் அனைத்தும் சேர்ந்து செய்யாததை இவை செய்தன என்பது கசப்பான உண்மையாயினும் உண்மையே. புகழுரை மனத்தை மாற்றும். ஒப்பந்தம் அடுப்பை எரியச் செய்யும். இரண்டும் வேண்டும்.

மொரெலுக்கும் காலந்தாழ்த்தி ஒரு நீதி கிடைத்தது. 2004இல் ‘யூலிசிஸ்’ நூலுக்குப் புதிய பிரெஞ்சு மொழிபெயர்ப்பொன்று கலிமார் பதிப்பகத்தினரால் வெளியிடப்பட்டது. ஜாக் ஓபேரின் தலைமையில் எண்மர் அதனைச் செய்தனர். நூலிலேயே மிகக் கடினமானதெனக் கருதப்படும் அத்தியாயம் ஒன்றுண்டு. ஆங்கில உரைநடையின் வரலாறு முழுவதையும் போலச்செய்து காட்டும் அத்தியாயம் அது. அங்கே வந்ததும் அக்குழுவினர் புதிதாக எழுதாமல், 1929ஆம் ஆண்டின் பழைய மொழிபெயர்ப்பையே அவ்வாறே வைத்துக்கொண்டனர். எழுபத்தைந்து ஆண்டுகளின் பின் வந்த தொழில்வல்லார் ஓர் அத்தியாயத்தின் முன் எழுதுகோலைக் கீழே வைத்ததற்கு மேலான பாராட்டு மொரெலுக்கு வேறு என்ன வேண்டும்? ஆனால் அப்பாராட்டைக் கேட்க அவர் இல்லை.

ஸ்ருவார்ட் கில்பர்ட்டின் கதையையும் முடித்துவிடுவோம். அவர் பின்னர்ப் பிரெஞ்சிலிருந்து ஆங்கிலத்திற்குப் பெயர்ப்பவராகி, அல்பேர் காம்யுவின் ‘அந்நியன்’ நாவலை 1946இல் ஆங்கிலத்திற் கொணர்ந்தார். காம்யுவை ஆங்கிலத்தின் வழியே முதன்முதலாக அறிந்த நம்மவருள்ளும் அவருடைய நடையிலேயே அதைப் படித்தவர் பலர். அவர்களுள் எத்தனை பேர் கில்பர்ட்டின் பெயரை நினைவில் வைத்திருக்கிறார்கள்?

ஆகவே நாம் வேண்டுவன சில. மொழிபெயர்ப்பு நூலின் அட்டையிலே மொழிபெயர்த்தவரின் பெயர் மூல ஆசிரியரின் பெயரோடு ஒருங்கே நிற்கவேண்டும். மதிப்புரை எழுதுவோர் அவருடைய தமிழைப்பற்றி, குறையாயினும் நிறையாயினும், ஒரு பத்தியாவது எழுதவேண்டும். பதிப்பாளர் அவருக்குரிய ஊதியத்தைத் தருமமாகக் கருதாது கடனாகக் கருதவேண்டும். வாசகர் செய்யவேண்டியது இன்னும் சிறியது: நூலைத் திறந்ததும், முதல் அத்தியாயத்துக்குச் செல்லுமுன், அப்பெயரை ஒருமுறை வாசிக்கவேண்டும். லார்போக்கள் எப்போதாவது ஒருவரே தோன்றுவர். மொரெல்கள் எக்காலத்தும் எம்மொழியிலும் இருந்து வருகிறார்கள்; ஒரு மொழிக்கு வெளியுலகம் வந்து சேர்வது பெரும்பாலும் அவர்கள் கையாலேயே.